‘கி’ சொன்னவள்

ரியோனி ஆறு வெள்ளைக் கற்களின் மேல் பேசிக்கொண்டே ஓடும் குத்தாயிசி நகரத்தில், சோவியத் காலத்தில் கட்டி அதற்குப் பிறகு யாருமே வெள்ளையடிக்காத ஓர் ஐந்து மாடிக் குடியிருப்பில், ஒருத்தியின் வலி இன்னொருத்திக்குப் போய்விட்ட வருஷம் அது. எப்படிப் போனது என்று அந்தக் கட்டடத்தில் யாரும் அதிகம் ஆராயவில்லை. போனது போய்விட்டது, இனி அதோடு எப்படிக் குடியிருப்பது என்பதைத்தான் அவர்கள் ஆற அமரப் பேசினார்கள்.

வலியைக் கொடுத்தவள் தவமணி, கோவில்பட்டிக்காரி. ஊரில் கல்யாண வீடுகளுக்குச் சமைத்துக்கொண்டிருந்தவளை, ஜார்ஜியாவில் மருத்துவம் படிக்கப் போன நம் பிள்ளைகள் ரொட்டியும் பாலாடைக்கட்டியும் தின்று இளைத்துப் போகிறார்கள் என்று சொல்லி ஓர் ஏஜென்ட் அழைத்து வந்தார். ஏஜென்ட் வேறு தேசம் பார்த்துப் போய்விட்டார், தவமணி தரைத்தள வீட்டில் மெஸ் போட்டு இருந்துவிட்டாள். வலியை வாங்கியவள் நானுலி, சுவரை ஒட்டிய பக்கத்து வீட்டுக்காரி, அவளும் தவமணி வயதுதான் இருப்பாள். மணப்பெண்களுக்கு வெள்ளை கவுன் தைப்பவள். மகன் போலந்தில் வேலைக்குப் போய்விட்டதால், அவள் வீட்டில் தையல் மிஷினின் சத்தத்தைத் தவிர வேறு சத்தம் இருக்காது.

வந்து சில வருஷமாகியும் தவமணிக்குத் தெரிந்த ஜார்ஜிய மொழி சந்தைக்குப் போய்வரும் அளவுக்குத்தான் இருந்தது. வெங்காயம், உருளைக்கிழங்கு, போதும், நாளைக்கு, இன்னும் கொஞ்சம் போடு. அங்கே அம்மாவை ‘தெதா’ என்றும் அப்பாவை ‘மாமா’ என்றும் சொல்வார்கள் என்று தெரிந்த நாளில், இந்த ஊரில் பெண் கேட்டுப் போவது எப்படி என்று நினைத்துச் சிரித்திருக்கிறாள். ஆனால் ‘கி’ என்ற சொல் அவளுக்கு ரொம்பப் பிடித்திருந்தது. ‘கி’ என்றால் ஆமாம். நம் ‘சரி’ செய்கிற வேலையையெல்லாம் அதைவிடச் சின்னதாக இருந்துகொண்டு செய்தது. எதிரில் இருப்பவர் சொல்வதில் பாதி புரியாவிட்டாலும் தலையை ஆட்டி ‘கி’ என்றால் அவர் சந்தோஷமாகப் போய்விடுவார்.

ஒரு நாள் காலை ஈரக்கையோடு வடையைப் போட்டு, எண்ணெய் தெறித்து, தவமணியின் இடது மணிக்கட்டு முழுக்க வெந்துவிட்டது. அலறல் கேட்டு நானுலி ஓடி வந்தாள். கையைப் பிடித்துப் பார்த்தாள், முகம் சுருங்கியது, “ஷெனி ச்சிரி மே” என்றாள். தவமணிக்கு அதில் காதில் விழுந்தது ‘சிரி’ மட்டும்தான். நம் ஊரில் விழுந்த குழந்தையைத் தூக்கி வைத்துக்கொண்டு, எங்கே சிரி பார்ப்போம் என்பார்களே, அதைப்போல இவளும் எங்கிருந்தோ இந்தத் தமிழ்ச் சொல்லைக் கற்றுக்கொண்டு வந்து என்னைத் தேற்றுகிறாள் என்று நினைத்து, கண்ணீரோடு சிரித்து, “கி” என்றாள்.

உடனே எரிச்சல் நின்றது. மணிக்கட்டில் கொப்புளமும் இல்லை சிவப்பும் இல்லை, வளையல் வழக்கம்போல வழுக்கிக்கொண்டு இறங்கியது. நானுலியின் இடது மணிக்கட்டில் கொப்புளம் எழுந்தது. அவள் அதைப் பார்த்தாள், தவமணியைப் பார்த்தாள், வீட்டுக்குப் போய்க் குழாயைத் திறந்து கையை நீட்டினாள்.

அன்று மாலை முற்றத்தில் கூட்டம் கூடியது. மூன்றாம் மாடி ஓதாரிதான் அந்தக் கட்டடத்துக்கு வாய். நகரப் பேருந்து ஓட்டி ஓய்வு பெற்றவர், எந்த விருந்தானாலும் மதுக்கோப்பையைத் தூக்கிக்கொண்டு பேச அவரைத்தான் எழுப்புவார்கள். அவர் தவமணியை உட்கார வைத்து, சின்னக் குழந்தைக்குச் சொல்வதுபோல ஒவ்வொரு சொல்லாகப் பிரித்துச் சொன்னார். ஷெனி என்றால் உன்னுடைய. ச்சிரி என்றால் துன்பம், நோய், பீடை. மே என்றால் நான், எனக்கு. உன் துன்பம் எனக்கு வரட்டும். தாய் பிள்ளைக்குச் சொல்வாள், காய்காரி வாடிக்கையாளருக்குச் சொல்வாள், அவரே பேருந்தில் ஏற முடியாமல் ஏறும் கிழவிகளுக்கு ஆயிரம் தடவை சொல்லியிருக்கிறார். அதைக் கேட்டவர் ஒன்றும் சொல்லாமல் கன்னத்தில் முத்தம் கொடுப்பார், இல்லையென்றால் ஐயோ வேண்டாம், உன்னுடையதுதான் எனக்கு என்று திருப்பிச் சொல்வார். துன்பம் யாரிடமும் போகாமல் இருந்த இடத்திலேயே இருக்கும், ஆனால் கொஞ்சம் லேசாகிவிடும்.

“நீ என்ன சொன்னாய்?” என்று ஓதாரி கேட்டார்.

“கி.”

ஓதாரி தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். இந்தப் பேச்சு பேசத் தொடங்கிய நாள் முதல் இதற்கு ஒருவரும் ‘கி’ சொன்னதில்லை என்றார். அந்தச் சொல் எப்போதும் கதவைத் திறந்து வைத்துக்கொண்டுதான் நின்றது, உள்ளே போக வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை, அவ்வளவுதான் என்று நான்காம் மாடியிலிருந்து ஒருத்தி சொன்னாள். கூட்டம் அதை ஒப்புக்கொண்டு, அடுத்ததாகத் தண்ணீர்த் தொட்டி ஒழுகுவதைப் பற்றிப் பேசப் போய்விட்டது.

தவமணிக்கு அன்று சோறு இறங்கவில்லை. மறுநாள் முதல் நானுலிக்கு இட்லி போனது, தோசை போனது, தேங்காய் கிடைத்த நாளில் சட்னியும் போனது. தெரியாமல் செய்ததுதானே என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். தெரியாமல் செய்த கைக்கு அவ்வளவு இட்லி எதற்கு என்று அவளுக்கே விளங்கவில்லை.

கட்டடம் பழகிக்கொண்டது. இரண்டாம் மாடிக்காரன் தன் முதுகுவலியை மாமியாரிடம் தள்ளப் பார்த்தான், மாமியார் இருபது வருஷமாக அவனைப் பார்த்து அந்தச் சொல்லைச் சொன்னதில்லை, இனியும் சொல்வதாக இல்லை. மெஸ்ஸுக்கு வரும் பிள்ளைகளில் சிலர் பரீட்சைக் காய்ச்சலோடு நானுலி வீட்டு வாசலில் முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு நின்றபோது, தவமணி கரண்டியோடு போய் விரட்டினாள். “வெக்கமா இல்ல? ஒரு வேள சோத்த நிறுத்தினேன்னா தெரியும்.” நீங்க மட்டும் குடுத்தீங்களேக்கா என்று ஒருத்தி முணுமுணுத்தாள். தவமணி கரண்டியோடு அடுப்படிக்குத் திரும்பிவிட்டாள்.

நானுலிக்குத்தான் கஷ்டம். அவளால் அந்தச் சொல்லைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை, அது அவள் நாக்கில் எச்சில்போல ஊறியது. தவமணிக்குத் தும்மல் வந்தால் கூட வாய் வரைக்கும் வந்துவிடும். அதனால் தவமணியைப் பார்க்கும்போதெல்லாம் குண்டூசிகளை வரிசையாக உதடுகளுக்கு நடுவில் கடித்துக்கொள்ளப் பழகினாள். தவமணி வாசலில் நின்று பேசுவாள், நானுலி ஊசிகளோடு தலையை ஆட்டுவாள், சிரிப்பு கண்ணில் மட்டும் தெரியும். வெளியூர் மணப்பெண்களுக்கு அது விநோதமாக இருந்திருக்கலாம். கட்டடத்துக்காரர்கள், இரண்டு சிநேகிதிகள் பேசிக்கொள்வது வேறெப்படி இருக்கும் என்பதுபோலப் படியேறிப் போனார்கள்.

நவம்பர் தொடக்கத்தில், சாம்பார் கொதித்துக்கொண்டிருந்த நேரத்தில் கோவில்பட்டியிலிருந்து தம்பி போன் செய்தான். “அக்கா, அம்மா போயிட்டாங்கக்கா. காலைல எந்திரிக்கவே இல்ல. சாயந்திரத்துக்குள்ள எடுத்துருவோம். நீ வந்து சேர முடியாது, பதறாத.” தவமணி போனை மிளகாய்ப்பொடி டப்பாவின் மேல் வைத்தாள். அப்புறம் அவளிடமிருந்து வந்த சத்தம் சுவரைத் தாண்டிப் போனது.

நானுலி வந்தாள். ஊசிகளை ஒவ்வொன்றாக வாயிலிருந்து எடுத்து மேஜை மேல் வைத்தாள். அவ்வளவு நிதானமாக எடுத்தாள், அதனால் அவள் என்ன செய்யப் போகிறாள் என்பது தவமணிக்கு முதல் ஊசியிலேயே தெரிந்துவிட்டது. நானுலி அவள் முகத்தை இரண்டு கைகளிலும் ஏந்திக்கொண்டு, “ஷெனி ச்சிரி மே” என்றாள்.

இந்தத் தடவை தவமணிக்கு ஒவ்வொரு சொல்லும் புரிந்தது. வேண்டாம் என்று தலையாட்டலாம், கன்னத்தில் முத்தம் கொடுக்கலாம், வெறுமனே அழலாம். நெஞ்சுக்குள் யாரோ அம்மியைத் தூக்கி வைத்ததுபோல இருந்தது, வெளியே பிள்ளைகள் தட்டோடு வந்து நிற்கத் தொடங்கியிருந்தார்கள், இதை இப்படியே வைத்துக்கொண்டு அடுத்த மூச்சை விட முடியாது என்று தோன்றியது. அவள் நானுலியின் கண்ணைப் பார்த்து, தெரிந்தே, “கி” என்றாள்.

அம்மி இறங்கிவிட்டது. தவமணி முகத்தைக் கழுவி, கடுகு தாளித்து, சாம்பாரை இறக்கி, எல்லோருக்கும் பரிமாறினாள், உப்புக்கூடச் சரியாக இருந்தது. பரிமாறிக்கொண்டிருக்கும்போது படிக்கட்டிலிருந்து அழுகை கேட்டது. ஒரு வார்த்தை தமிழ் தெரியாத நானுலி, மூன்றாவது படியில் உட்கார்ந்து, தலைமுடியை அவிழ்த்துப் போட்டு, நெஞ்சில் அடித்துக்கொண்டு, கோவில்பட்டித் தமிழில் அழுதாள். “என்னப் பெத்தவளே, உன் மொகத்தக் கடேசியாப் பாக்கலையே, எந்தக் கடல்தாண்டி வந்து எந்த அடுப்புல நான் வெந்துகிட்டு இருக்கேன்.” பிள்ளைகள் சாப்பிடுவதை நிறுத்திவிட்டுத் தவமணியைப் பார்த்தார்கள். அவள் ரசம் வேண்டுமா என்று கேட்டாள்.

துக்க வீடு நானுலியின் வீடாகிவிட்டது. அக்கம்பக்கத்தார் கறுப்பு உடுத்தி அங்கே போனார்கள், அவரைக்காயும் சோள ரொட்டியும் அங்கே கொண்டுபோய் வைத்தார்கள், இந்தியாவில் இருந்த உன் அம்மா மண்ணில் நிம்மதியாக உறங்கட்டும் என்று நானுலியின் தோளைத் தொட்டுச் சொன்னார்கள். ஓதாரி ஒரு துண்டு ரொட்டியின் மேல் மதுவைச் சொட்டவிட்டு, இறந்தவளின் பெயர் என்ன என்று நானுலியிடம் கேட்டார். அவள் பிசகாமல் “சண்முகக்கனி” என்றாள். மணப்பெண்களின் கவுன்களில் கண்ணீர்க் கறை விழுந்தது. இரண்டு பேர் துணியைத் திரும்ப வாங்கிக்கொண்டு வேறு தையல்காரியிடம் போனார்கள்.

தவமணிக்கு அம்மாவைப் பற்றி எல்லாம் ஞாபகம் இருந்தது, ரயில் நேரம் ஞாபகம் இருப்பதைப்போல. அம்மா தீப்பெட்டி ஆபீசில் வேலை செய்தாள், அவள் விரல்களில் பசை வாசம் அடிக்கும், கருகிய தோசையைத் தனக்கு எடுத்து வைத்துக்கொள்வாள். நினைத்துப் பார்த்தால் ஒன்றும் அசையவில்லை. துக்கம் போன இடத்தில் வேறொன்று உட்கார்ந்திருந்தது, அது மட்டும் யார் வந்து கேட்டாலும் போகாததாக இருந்தது. பெற்ற தாய்க்கு அழுவதையும் அடுத்த வீட்டுக்காரியின் தலையில் கட்டிவிட்டு, நான் கத்திரிக்காய் நறுக்கிக்கொண்டிருக்கிறேன். சுவருக்கு அந்தப் பக்கம் நானுலி அழுதாள், இந்தப் பக்கம் தவமணி காய்ந்த கண்ணோடு கேட்டுக்கொண்டிருந்தாள், அம்மாவின் குரலைப் பற்றி நானுலி சொன்ன ஏதோ ஒன்று அவளுக்கே புதிதாக இருந்தது.

திரும்ப வாங்கிவிட வேண்டும் என்று முடிவு செய்தாள். வழி ஒன்றுதான். தான் அந்தச் சொல்லைச் சொல்ல வேண்டும், நானுலி ‘கி’ சொல்ல வேண்டும். ஒரு காலையில் குளித்துவிட்டுப் போய் நானுலியின் வாசலில் நின்று, “ஷெனி சிரி மே” என்றாள். நானுலி சிவந்த கண்ணைத் துடைத்துக்கொண்டு, கொஞ்சமும் யோசிக்காமல், “கி, கி” என்றாள். தவமணி அழுவதற்குத் தயாராக வீட்டுக்கு ஓடினாள். அங்கே ஜன்னலில், பார்க்கத் தக்காளிபோல இருக்கும் சீமைப் பனிச்சைப் பழத்தின் வற்றல் ஒரு சரம் தொங்கிக்கொண்டிருந்தது, நானுலி தன் பால்கனியில் நூலில் கோர்த்துக் காயப் போட்டிருந்த அதே சரம்.

மறுநாளும் சொன்னாள், இன்னொரு சரம் வந்தது. அதற்கு அடுத்த நாளும் வந்தது. நானுலியின் பால்கனி காலியாகி, தவமணியின் ஜன்னலில் வெளிச்சம் மறைந்த பிறகு, ஓதாரி சிரித்துச் சிரித்து மூச்சு வாங்கிக்கொண்டு விஷயத்தைச் சொன்னார். அவர்கள் மொழியில் இரண்டு ‘ச்’ உண்டு. ஒன்று மூச்சோடு வருவது, அதில் சொன்னால் உலர்ந்த பழம். இன்னொன்று தொண்டையை அடைத்துக்கொண்டு மூச்சில்லாமல் வெடிப்பது, அதில் சொன்னால்தான் துன்பம். “உன் வற்றல் எனக்கு என்று தினமும் வந்து கேட்கிறாய். எந்த ஜார்ஜியக்காரி இல்லை என்பாள்?”

தவமணி முதல்முறையாக அந்த மொழியை உட்கார்ந்து கற்றாள். சந்தைக்காக இல்லாமல் கற்றாள். கண்ணாடி முன் நின்று சொல்லிப் பார்த்தாள், வெறும் மூச்சுதான் வந்தது. தாளிக்கும்போது ஒரு நாள் பிடிபட்டது. எண்ணெயில் கடுகு கொஞ்சநேரம் வாயை இறுக்கி மூடிக்கொண்டு இருக்கிறது, அப்புறம் உள்ளே இருப்பதை வைத்துக்கொள்ள முடியாமல் வெடிக்கிறது. அதைப்போலத் தொண்டையை மூடி, நாக்கை மேலே ஒட்டி, சட்டென்று விட்டாள். ச்சிரி. சரியாக வந்ததும், கரண்டியைப் போட்டுவிட்டுப் பக்கத்து வீட்டுக்கு ஓடிப்போய்ச் சொன்னாள்.

நானுலி மிஷினை நிறுத்தினாள். பிறகு இரண்டு ஊசிகளை எடுத்து உதட்டில் வைத்துக்கொண்டு, இல்லை என்று தலையாட்டினாள். அந்த மொழியில் பிறந்த ஒருத்தியால் அதற்கு ‘கி’ சொல்ல முடியாது. யாரிடமாவது துன்பத்தைக் கொடுத்துவிட்டுத் தலைநிமிர்ந்து நடக்க அவளுக்குப் பழக்கமில்லை.

நாற்பதாம் நாள் வந்தது. அங்கே அது பெரிய நாள். கிறிஸ்துமஸுக்கு முந்தைய நோன்புக்காலம் என்பதால் இறைச்சி கிடையாது. அவரை, அக்ரூட் அரைத்துப் பிசைந்த கீரை, மீன், தேனில் வேகவைத்த கோதுமை, அதன் நடுவில் ஒரு மெழுகுவர்த்தி. தவமணி சமைக்க வருகிறேன் என்றதற்கு வேண்டாம் என்றுவிட்டார்கள், நீ விருந்தாளி என்றார்கள். நீள மேஜையின் தலைமாட்டில் நானுலி, கடைசியில் தவமணி.

ஓதாரி எழுந்து சண்முகக்கனிக்காகக் கோப்பையைத் தூக்கினார், ஆண்கள் எல்லோரும் எழுந்து நின்றார்கள். மகள் பேச வேண்டும் என்றார். நானுலி பேசினாள், துக்கம் வந்தால் அவளுக்குத் தமிழ்தான் வரும் என்பதால் தமிழில் பேசினாள், அந்த மேஜையில் தமிழ் தெரிந்தவள் தவமணி ஒருத்திதான் என்பதால் மொழிபெயர்க்கும் வேலை அவளுக்கு வந்தது.

நானுலி சொல்லச் சொல்ல அவள் ஜார்ஜிய மொழியில் சொன்னாள். அவளுடைய அம்மா தீப்பெட்டி ஒட்டினாள். அவளுடைய அம்மாவுக்குச் சிரிப்பு வந்தால் சேலைத் தலைப்பால் வாயை மூடிக்கொள்வாள். அவளுடைய அம்மா ஒவ்வொரு தடவை போனிலும் அங்கே இப்போது மணி என்ன என்று கேட்பாள். “ஒனக்கு ஒன்றர மணி நேரம் பின்னாடி. அப்ப நீ வாழப்போற ஒன்றர மணி நேரத்த நான் முன்னாடியே பாத்துட்டேன்டி, ஒண்ணும் பயமில்ல, வா, இப்படிச் சொல்வா எங்கம்மா” என்றாள் நானுலி, கோவில்பட்டிக்காரி ஒருத்தி சொல்கிற அதே இழுவையோடு.

தவமணி அதையும் சொன்னாள். இப்படிச் சொல்வாள் அவளுடைய அம்மா, என்றாள். மேஜையில் பலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். ஓதாரி அவள் பக்கம் திரும்பி, விருந்தாளியையும் பேச்சில் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்ற மரியாதையோடு, மனதில் துளியும் கள்ளமில்லாமல் கேட்டார்.

“தவா, நீயும் அந்த அம்மாவைப் பார்த்திருக்கிறாயா?”

எல்லோரும் அவள் பதிலுக்காகப் பார்த்தார்கள். யாருடைய முகத்திலும் குத்தல் இல்லை. நாற்பது நாளில் அவர்கள் மறந்தே போயிருந்தார்கள்.

தவமணி எழுந்து மேஜையைச் சுற்றிக்கொண்டு தலைமாட்டுக்குப் போனாள். நானுலிக்கு முன்னால் தரையில் உட்கார்ந்தாள். அவளுக்குத் தெரிந்த கொஞ்ச ஜார்ஜிய மொழியில் பிழையும் தடுமாற்றமுமாகச் சொன்னாள், அது என் அம்மா, நான் கூசாமல் உன்னிடம் கொடுத்துவிட்டேன், நீ நன்றாகப் பார்த்துக்கொண்டாய், இனி என்னிடம் கொடு. பிறகு நானுலியின் தழும்பேறிய மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு, தொண்டையை அடைத்து, ஒரு சொல்லும் பிசகாமல் சொன்னாள்.

“ஷெனி ச்சிரி மே.”

நானுலியின் வாயில் அன்று ஊசி இல்லை. அவள் மேஜையில் இருந்தவர்களைப் பார்த்தாள், அவர்கள் தட்டைப் பார்த்தார்கள். மாட்டேன் என்பது அவள் பிறந்த மொழியின் பதில். ஆனால் நாற்பது நாள் அவள் சுமந்திருந்தது ஒரு மகளின் துக்கம், ஒரு மகளுக்கு அம்மாவின் சாவு கைக்குக் கிடைக்காமல் போனால் என்ன ஆகும் என்று அந்தத் துக்கத்துக்கே தெரிந்திருந்தது. அவள் கண்ணை மூடிக்கொண்டாள்.

“கி,” என்றாள், கேட்டும் கேட்காத குரலில்.

யாரோ கரண்டியைக் கீழே போட்டார்கள். அதற்குப் பிறகு கேட்டது தவமணியின் அழுகை. அவள் இத்தனை நாள் வட்டியும் சேர்த்து அழுதாள், கோதுமைத் தட்டில் மெழுகுவர்த்தி கரைந்து முடியும் வரை அழுதாள், பெண்கள் மாறி மாறி அவள் தலையைத் தங்கள் மடியில் வைத்துக்கொண்டார்கள். நானுலி மட்டும் கிட்டே வரவில்லை. அவள் முகத்தில் கண்ணீர் காய்ந்து, வேறொன்று வந்து உட்கார்ந்திருந்தது, அது என்னவென்று தவமணிக்கு ஒரு பார்வையிலேயே தெரிந்தது, நாற்பது நாளாகக் கண்ணாடியில் அதைத்தானே பார்த்துக்கொண்டிருந்தாள்.

விடிந்ததும் கதவு தட்டப்பட்டது. நானுலி சூடான அவரைப்பருப்பு ரொட்டித் தட்டோடு நின்றாள், தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். ரொம்ப வலிக்கிறதா என்று கேட்டாள். கண் வீங்கிப்போயிருந்த தவமணி, வலிக்கிறது என்றாள், நிறைய வலிக்கிறது.

நானுலியின் உதடுகள் தாமாகவே அந்தச் சொல்லுக்குக் குவிந்தன. திடுக்கிட்டு, தட்டை ஒரு கைக்கு மாற்றிக்கொண்டு, மற்றக் கையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

தவமணி அந்தக் கையைப் பிடித்து மெதுவாக வாயிலிருந்து விலக்கினாள்.

“சொல்லு நானுலி,” என்றாள். “நான் ‘கி’ சொல்ல மாட்டேன்.”

நானுலி சொன்னாள்.